தொடக் கூடாத கதவு

"அத்தை! கதவுல கை வெக்காதீங்க!"

மோகன் கத்தியதில் சுந்தராம்பாள் கையிலிருந்த துணி கீழே விழுந்தது.

படப்பையில் புது வீடு. மறுநாள் கிரகப்பிரவேசம். ஸ்ப்ரே மெஷினை வாடகைக்கு எடுத்து வந்து, வாசல் கதவுக்கு மோகனே இப்போதுதான் ஸ்டெயின் என்கிற பழுப்பு மரச்சாயம் அடித்து முடித்திருந்தான். ஷிப்டுக்குக் கம்பெனி பஸ் வருகிற நேரம்.

"இல்ல மாப்ள, எங்க கம்பெனியில அடிச்ச கையோட துணியால தொடச்சிருவாங்க. மரம் குடிச்சது போக மிச்சம் மேல நிக்கக் கூடாதாம்."

சுந்தராம்பாள் மோகனின் மாமியார். பிள்ளைப்பாக்கத்தில் ஒரு பர்னிச்சர் கம்பெனியில் பெருக்குகிற வேலை.

"அங்க நீங்க பெருக்கறீங்க அத்தை. நான் கார் கம்பெனி பெயிண்ட் ஷாப்ல பதினோரு வருஷம். அடிச்ச பெயிண்ட்ட எவனாவது தொட்டா காரே ரிஜெக்ட். தெரியுமா?"

"காரு வேற, மரம் வேற இல்லையா?"

"எல்லாம் பெயிண்ட்தான்."

மோகன் மனைவி கலைமதி குறுக்கே வந்தாள்.

"ஏம்மா, உனக்கு எதுக்கு இந்த வேலை? முட்டி வலிக்குதுன்னியே, போய் உக்காரு."

பஸ் ஹாரன் அடித்தது. மோகன் ஓடினான்.

மறுநாள் காலை. வந்தவர்களெல்லாம் வாசலிலேயே நின்றுவிட்டார்கள். கதவில் மரத்தின் ரேகை ஒவ்வொன்றையும் எண்ணலாம் போலிருந்தது.

மோகனின் சூப்பர்வைசர் ஜெபகுமார் கதவைத் தடவினார்.

"இன்னா மோகன், மரத்துலயும் கலக்குறியே!"

"எல்லாம் நம்ம பெயிண்ட் ஷாப் கை சார்."

"அது சரி, மேல ஒரு அடி மட்டும் இன்னா திட்டுத் திட்டா கீது?"

எட்டித் தொட்டார். விரலில் பிசுபிசுவென்று ஒட்டியது.

மோகன் நிமிர்ந்து பார்த்தான். கோடு போட்ட மாதிரி, அதற்குக் கீழே எல்லாம் சுத்தம்.

மாமியாரைப் பார்த்தான். நாலே முக்கால் அடி உயரம். தாம்பூலத் தட்டு பிடித்திருந்த கையில் நகக்கண்ணெல்லாம் பழுப்பு.

அவன் வாய் திறப்பதற்குள் சுந்தராம்பாள் முந்திக்கொண்டாள்.

"அது நான்தான் சார். மாப்ள தொடாதீங்கன்னாரு. கேக்காம மேல கைய வெச்சுக் கெடுத்துட்டேன்."

ஜெபகுமார் கதவு உச்சியைப் பார்த்தார். அந்த அம்மாளைப் பார்த்தார்.

மோகன் ஸ்டூலை இழுத்துப் போட்டு ஏறினான்.

"அத்தை, அந்தத் துணியக் குடுங்க. எப்படித் தொடைக்கணும்னு சொல்லுங்க."