இடிக்கை மாறனின் குத்து

ஒரு படக்கதைப் புத்தகத்தில் இடிக்கை மாறன் என்ற வீரனும், எதிர்ப் பக்கத்தில் அவனுடைய எதிரி நச்சுமுகனும் இருந்தார்கள். யார் புத்தகத்தை மூடினாலும் மாறனின் முஷ்டி நச்சுமுகனின் கன்னத்தில் போய்ப் பதியும்.

ஒரு மழைக்காலத்தில், தைத்திருந்த கம்பி துருப்பிடித்து, நச்சுமுகனின் பக்கம் கழன்று ஆடியது.

“நான் போனா உனக்குக் கொண்டாட்டம்தானே?” என்றான் நச்சுமுகன்.

மாறன் தன் ஓங்கிய கையைப் பார்த்தான். எதிரி போய்விட்டால் அது வெறும் காற்றில் நிற்கும்.

“ரொம்ப வலிக்குமாடா?” என்று முதன்முறையாகக் கேட்டான்.

“பழகிப்போச்சு. என்னை வேற யாரு தொடுறா?”

யாரோ புத்தகத்தை மூடினார்கள். தாள் நனைந்திருந்தது.

“அசையாதே,” என்று சொல்லி மாறன் முஷ்டியை அழுத்தி வைத்துக்கொண்டான். மை இளகியது.

மறுநாள் வெயிலில் வைத்துப் பிரித்தபோது, அந்த இரண்டு பக்கங்கள் மட்டும் பிரியவில்லை.