ஐந்தாவது திங்கட்கிழமை

"பையில என்னென்ன இருந்துச்சுன்னு ஒண்ணுவிடாமச் சொல்லுங்க. ஒண்ணு தப்பினாலும் பை தலைமை ஆபீஸுக்குப் போயிடும். அப்புறம் தலைகீழா நின்னாலும் கிடைக்காது."

பேருந்து நிலையத்தின் 'தொலைந்த பொருள்கள்' கவுன்டர். கம்பிக்குப் பின்னால் உட்கார்ந்திருந்த அம்மாள், பழுப்பு நிறத் துணிப்பை ஒன்றைத் தன் பக்கம் இழுத்து வைத்துக்கொண்டு கேட்டார். ஓய்வு பெற இன்னும் இரண்டு வருடம் இருக்கிறது. அவர் சிரித்து யாரும் பார்த்ததில்லை. பின்னால் அலமாரி நிறைய குடைகள், ஹெல்மெட்கள், ஜோடி இல்லாத செருப்புகள்.

கம்பிக்கு இந்தப் பக்கம் பிளம்பர் நின்றார். நாற்பத்தாறு வயது. கையில் டூல்ஸ் பெட்டி, முழங்கால் வரை ஈரம்.

"யாரோட பை?"

"எங்கம்மாவோடது. உங்களுக்குத்தான் தெரியுமே மேடம்."

"எனக்குத் தெரியும். படிவத்துக்குத் தெரியாது. அவங்க ஏன் நேர்ல வரலை?"

"செத்துட்டாங்க."

"என்னிக்கு?"

"போன தடவை சொன்ன அதே தேதிதான். அதுல மாத்தம் இல்லை."

வரிசையில் அடுத்து நின்றவர், பேருந்தில் பல்செட்டைத் தொலைத்தவர், கைக்குட்டையால் வாயை மூடிக்கொண்டு சிரித்தார்.

"உங்களுக்கு என்ன சிரிப்பு? பஸ்ல போய் யாராவது பல்லைக் கழட்டுவாங்களா?" என்றார் கவுன்டர் அம்மாள். பல்செட்டுக்காரர் சிரிப்பை நிறுத்திக்கொண்டார்.

"எப்படித் தொலைஞ்சது?"

"காலையில சீட்டுக்கு அடியில வச்சேன். இறங்கும்போது மறந்துட்டேன்."

"டூல்ஸ் பெட்டி?"

"அது கையில இருந்துச்சு."

"அது மட்டும் ஒருநாளும் மறக்காது. அம்மா பைன்னா இளக்காரம். இது அஞ்சாவது திங்கக்கிழமை. பழைய படிவம் நாலும் இங்கதான் இருக்கு. தலையைக் கழட்டி வீட்டுல வச்சுட்டுத்தான் வேலைக்குப் போறீங்களா?"

பிளம்பர் தரையைப் பார்த்தார்.

"ம், சாமானைச் சொல்லுங்க."

"ஒரு கண்ணாடிக் கூடு. உள்ள கண்ணாடி இருக்காது, பித்தான்தான் இருக்கும். ரெண்டு பல்லு போன சீப்பு. ஊக்கு ஒரு கொத்து. பாதி காலியான இருமல் மாத்திரை அட்டை. ஒரு சாவி, எந்தப் பூட்டோடதுன்னு அம்மாவுக்கே தெரியாது. அப்புறம் ஒரு துண்டுச் சீட்டு."

அவர் சொல்லச் சொல்ல, கவுன்டர் அம்மாள் ஒவ்வொன்றாக வெளியே எடுத்து வைத்து, சிவப்பு மையில் குறியிட்டார்.

"சீட்டுல என்ன எழுதியிருக்கு?"

"பால். சோப்பு. பல்பு ரெண்டு."

"அப்புறம்?"

"அது சாமான் இல்லையே மேடம்."

"எழுதியிருக்குல்ல? சொல்லுங்க."

பிளம்பர் பல்செட்டுக்காரரைத் திரும்பிப் பார்த்துவிட்டுக் குரலைத் தாழ்த்தினார். "'அவன் ஏன் போனை எடுக்கலைன்னு கேக்கணும்.'"

பேனா நின்றது. "ஏன் எடுக்கலை?"

படிவத்தில் இந்தக் கேள்வி கிடையாது. பிளம்பர் பதில் சொன்னார். "ஒரு வீட்டுல சிங்க்குக்கு அடியில மல்லாந்து படுத்திருந்தேன். கையெல்லாம் ஈரம். அப்புறம் கூப்பிடலாம்னு விட்டுட்டேன்."

கவுன்டர் அம்மாள் அந்தச் சீட்டை இருந்த மடிப்பிலேயே மடித்து வைத்தார்.

"பையில ஏதாவது அடையாளம்?"

"இடது கைப்பிடி கிழிஞ்சிருக்கும். நூல் தொங்கும்."

கவுன்டர் அம்மாள் பையைத் தூக்கி, திருப்பித் திருப்பிப் பார்த்தார். "கிழியலையே."

பிளம்பருக்கு முகம் வெளுத்தது. டூல்ஸ் பெட்டியைக் கீழே வைத்துவிட்டுக் கம்பியைப் பிடித்துக்கொண்டார். "மேடம், அது அம்மா பைதான். காலையில கிழிஞ்சுதான் இருந்துச்சு, சத்தியமா. வீட்டைக் காலி பண்ணினப்போ மத்ததையெல்லாம் ஆளாளுக்கு எடுத்துக்கிட்டாங்க. என்கிட்ட இருக்கறது இது ஒண்ணுதான். தலைமை ஆபீஸுக்கு மட்டும் அனுப்பிடாதீங்க."

"கத்தாதே. நான்தான் தைச்சேன். நூல் தொங்கித் தொங்கி அலமாரி ஆணியில மாட்டிக்குது. ஊர்ல உள்ள குழாய்க்கெல்லாம் வாஷர் மாத்தத் தெரியுது, பைக்கு நாலு தையல் போடத் தெரியாதா? மதியம் சாப்பிட்டியா இல்லையா? மூஞ்சி ஏன் இப்படிக் கிடக்கு? வெளியில மழை கொட்டுது, குடை எங்க? நாளைக்குக் காய்ச்சல்னு படுத்தா யாரு பார்ப்பா? கழுதை வயசாகுது, இன்னும் எத்தனை நாளைக்கு ஒவ்வொண்ணா சொல்லிக்கிட்டே இருக்கிறது?"

திட்டு சூடு பிடித்ததும், வழக்கம்போல 'நீங்க' போய் 'நீ' வந்திருந்தது. பிளம்பர் தலையைக் குனிந்து முழுவதையும் வாங்கிக்கொண்டார்.

பல்செட்டுக்காரருக்கே பொறுக்கவில்லை. "பாவம், விடுங்கம்மா," என்றார், கைக்குட்டைக்குள்ளிருந்து.

"நீங்க சும்மா இருங்க சார்," என்றார் பிளம்பர்.

"கையெழுத்துப் போடு. இன்னொரு தடவை இந்தப் பையோட இங்க வந்து நின்னே, நானே குப்பையில தூக்கிப் போட்டுடுவேன். போ."

பிளம்பர் கையெழுத்துப் போட்டார். பையைச் சட்டைக்குள் செருகி, டூல்ஸ் பெட்டியை எடுத்துக்கொண்டு, மழையில் ஓடிப் பேருந்தில் ஏறினார். காலையில் வந்த அதே பேருந்து, அதே நடத்துநர். கடைசி வரிசை ஜன்னலோரம் காலியாக இருந்தது.

நடத்துநர் பயணச்சீட்டைக் கிழித்துக் கையில் கொடுத்தவர், அக்கம்பக்கம் பார்த்துவிட்டுக் குனிந்து காதோடு சொன்னார்:

"அண்ணே, அடுத்த திங்கக்கிழமை மேடம் லீவாம். செவ்வாய்க்கிழமை தொலைக்கச் சொன்னாங்க."