பழத்தட்டோடு வந்த பந்துக்காரன்

டீப்பாய் மேல் ஆப்பிள், வாழைப்பழம், மல்லிகைச் சரம், வெற்றிலை பாக்கு. தட்டைப் பார்த்ததுமே கௌரிசங்கருக்கு விஷயம் விளங்கிவிட்டது.

"உங்க பொண்ணு விஷயமா நேர்ல வந்து பேசணும்ணா" என்று சுசீலா என்றொரு அம்மாள் காலையில் போன் செய்திருந்தாள். இப்போது மகன் வருணோடு அவருடைய ஷார்ஜா வீட்டுச் சோபாவின் நுனியில் உட்கார்ந்திருந்தாள்.

ரக்ஷிதா ரோலா கடைத்தெருவுக்குப் போயிருந்தாள். அதுவும் நல்லதுதான். இந்த மாதிரி ஆட்களைப் பெரியவர்களே பேசி அனுப்பிவிட வேண்டும்.

"தம்பி என்ன பண்றீங்க?"

"பேஸ்பால் சார். பிட்சர்."

"அப்படின்னா?"

"பந்து எறியறது."

"கிரிக்கெட்டா இருந்தாலும் நாலு பேர்கிட்ட சொல்லிக்கலாம்" என்றார் அவர். "எறிஞ்சு?"

"எதிர்ல நிக்கறவன் அடிக்க முடியாம பார்த்துக்கணும்."

"அடிச்சுட்டா?"

"கொஞ்ச நாள் பார்ப்பாங்க சார். அப்புறம் அனுப்பிடுவாங்க."

"இதுவரைக்கும் எங்கெங்க எறிஞ்சீங்க?"

"அமெரிக்காவுல நாலு டீம். அப்புறம் மெக்சிகோ, தைவான். இப்ப துபாய்."

"அப்ப நிறைய பேர் அடிச்சிருக்காங்க."

வருண் தலையைக் குனிந்துகொண்டான். சுசீலா முந்தினாள். "இடது கைக்காரன்ணா. எங்கேயாவது ஆள் குறைஞ்சா இவனைத்தான் கூப்பிடுவாங்க."

"பந்தியில இலை காலியா இருந்தா தெருவுல போறவனைக் கூப்பிடற மாதிரி!"

அவர் மனைவி வைத்துவிட்டுப் போன காபி டம்ளரை வருண் இடது கையால் எடுத்தான். கௌரிசங்கர் முகத்தைத் திருப்பிக்கொண்டார். அவர் பரம்பரையில் பீச்சாங்கையால் யாரும் தண்ணீர்கூடக் குடித்ததில்லை.

"என் பொண்ணு யாருன்னு தெரியுமா? எம்.எஸ்சி. ஸ்டாடிஸ்டிக்ஸ். கோல்டு மெடல். துபாய் ஆபீஸ்ல கம்ப்யூட்டர்ல கணக்குப் போடறா." என்ன கணக்கு என்று அவர் கேட்டதில்லை. "அவ எங்க, நீங்க எங்க?"

"தெரியும் சார். அவங்க சரின்னு சொல்லலைன்னா என் கதை முடிஞ்சுது."

"சினிமா வசனமெல்லாம் வேண்டாம். என் பேச்சை அவ தட்ட மாட்டா. அதை மட்டும் தெரிஞ்சுக்குங்க."

"அதை நம்பித்தான்ணா வந்தோம்." சுசீலா கையெடுத்துக் கும்பிட்டாள்.

வருண் டம்ளரைக் கீழே வைத்தான். "ஒரே ஒரு வருஷம் கொடுக்கச் சொல்லுங்க சார். ஒத்துவரலைன்னா அவங்களே என்னை அனுப்பிடட்டும். ஏன்னு ஒரு வார்த்தை கேக்க மாட்டேன்."

கௌரிசங்கர் எழுந்தே விட்டார். காது மடல் சிவந்துவிட்டது.

"ஒரு வருஷமா? என்ன குடும்பம்மா உங்களோடது? பிடிச்சா வெச்சுக்கறது, பிடிக்கலைன்னா அனுப்பறதுங்கற பேச்சே எங்க வம்சத்துல கிடையாது. முதல்ல தட்டை எடுங்க!"

சுசீலாவுக்குக் கண் நிறைந்துவிட்டது. "முப்பத்தஞ்சு வயசாச்சுண்ணா. இதை விட்டா இவனை இனிமே யாரும் எடுக்க மாட்டாங்க."

"ஊர் ஊரா வேண்டாம்னு தள்ளின சரக்கை என் தலையில கட்டப் பார்க்கறீங்களா?"

கதவு திறந்தது. காய்கறிப் பைகளோடு ரக்ஷிதா நின்றாள். வருண் அடித்துப்பிடித்து எழுந்தான்.

அவள் தட்டைப் பார்த்தாள். அப்பாவின் முகத்தைப் பார்த்தாள். பைகளை மெல்லக் கீழே வைத்தாள்.

"நேத்து உங்க பந்துக் கணக்கைப் பார்த்து டீம்லேருந்து உங்க பேரை நான் அடிச்சது அடிச்சதுதான் வருண், எங்கப்பாகிட்ட சிபாரிசுக்கு வந்தா மாத்திடுவேனா?"