ஆட்டக்காரியின் பதில்

சுவிஸின் லாங்கன்தாலில் ஞாயிறு பிற்பகல். சிறிய திரையரங்கொன்றில் நூறு ஆண்டு பழைய மௌனப்படம் ஓடுகிறது. திரையோரம் ஒருவர் பியானோ வாசிக்கிறார். வெள்ளி ஒளி ஏறி இறங்கும்போதெல்லாம் கஜலக்சுமியின் காதோர நரை தெரிந்து மறைகிறது. பக்கத்தில் குலேந்திரன். தன்னைக் கலியாணம் செய்யச் சம்மதமா என்று போன கிழமை அவர் கேட்டிருந்தார். கணவர் இறந்தபின் தனியே வாழ்ந்து பழகிய அவள் இன்னும் பதில் சொல்லவில்லை. "வாய் அசையுது, சத்தமில்லை. எங்கட தமிழ்ச் சங்கக் கூட்டமும் இப்பிடி நடந்தா நல்லம்," என்கிறார் குலேந்திரன். "உஷ்," என்கிறாள் சிரிப்பை அடக்கி. திரையில், இரவு விடுதியின் புகைக்குள், எவர் கையையும் பிடிக்காமல் ஓர் ஆட்டக்காரி தனியே சுழல்கிறாள். ஒருவன் மண்டியிட்டு மோதிரம் நீட்டுகிறான். அவளுடைய உதடுகள் அசைகின்றன. பியானோ நிற்கிறது. கறுப்புத் திரையில் வெள்ளையாக இரண்டே சொற்கள். "கண்ணாடியை விட்டிட்டு வந்திட்டன். என்னவாம்?" குலேந்திரன் அவள் பக்கம் சாய்ந்து கேட்கிறார். சொற்கள் மறைந்து, ஆட்டம் மறுபடி தொடங்கிவிட்டது. "ஓமாம். ஆனா தன்ர வீட்டை விடமாட்டாளாம். கதவுப் பூட்டின்ர திறப்பும் தன்னட்டைத்தான் இருக்குமாம்," என்கிறாள் கஜலக்சுமி. இரண்டு சொல்லில் இவ்வளவும் அடங்காது என்பது கண்ணாடி இல்லாமலே அவருக்குத் தெரிகிறது. "திறப்பை ஆர் கேட்டது? நான் பெல் அடிச்சுப்போட்டு வாசலிலை நிக்கிறன்." அவள் திரையிலிருந்து கண்ணை எடுக்கவில்லை. இருவருக்கும் நடுவே இருக்கையின் கைப்பிடியில் கிடக்கும் மழையில் நனைந்த தன் மேற்கோட்டை மட்டும் மெல்ல எடுத்து, மறுபக்கம் வைக்கிறாள்.