மண் பிளந்த இடத்துப் பூ

மலையுச்சிப் புல்வெளியில், மண் சரிந்த தழும்புகளில் மட்டும்தான் இந்த வெள்ளைக் காட்டு டெய்சி பூக்கும். கெட்டி மண்ணில் வேர் விடாது. வாய் பிளந்த மண்தான் அதற்கு வேண்டும். இந்த மழையில் அது எங்கள் எஸ்டேட் தொழிலாளர்களின் லைன் வீடுகளின் பின்சுவர் வரை இறங்கி வந்திருந்தது.

நான் தாவரவியல் படித்தவள். எல்லாரையும் கீழே பள்ளிக்கூடத்துக்கு மாற்றச் சொல்லி மேனேஜரிடம் கேட்டேன். அவர் பூவைப் போட்டோ எடுத்தார்.

"பூவுக்குப் பயந்து வீட்டக் காலி பண்ணச் சொல்ற மொத ஆளு நீதாம்மா."

"டிகிரி வாங்கிட்டா இப்படித்தான் சார்," என்று சூப்பர்வைசர் எட்வின் சிரித்தார்.

"உங்க பங்களா பாறை மேல இருக்கு சார். நீங்க சிரிக்கலாம்," என்றேன். இருவரும் ஜீப்பில் ஏறிப் போனார்கள்.

மழை விடவில்லை. நான் துணிகளை மூட்டை கட்டிக்கொண்டிருந்தபோது அம்மா சமையலறையிலிருந்து வந்தாள். கொண்டையில் அந்தப் பூ.

"பின்பக்கம் போகாதன்னு சொன்னேன்ல?"

"இந்த மழையில யாருடி வெளிய போனா? அடுப்புக்குப் பின்னாடியே நெறைய பூத்துக் கெடக்கு."