நாலாவது அம்பு

"கழட்டுடா அந்தச் சட்டையை! என் கூரைக்குக் கீழ அதைப் போட்டுக்கிட்டு நிக்காதே!"

ஆல்வீனா தையல் மிஷினை நிறுத்திவிட்டுக் கத்தினாள். தம்பி டெல்பர்ட் பனையோலைக் கூரையின் தூணில் சாய்ந்தபடி, சாவகாசமாகச் சோளக்கஞ்சி குடித்துக்கொண்டிருந்தான்.

"ஏன்க்கா, நல்லாத்தானே இருக்கு? பெட்ரோல் பங்க்ல விக்குது. நம்ம செமினோல் டிசைன்."

"டிசைனா? அச்சடிச்ச துணிடா அது! ஒரே ஒரு தையல் காட்டு பாப்போம். பட்டை பட்டையா தைச்சு, குறுக்க வெட்டி, துண்டு துண்டா மறுபடி சேர்த்துத் தைச்சு எனக்கு இடுப்பு ஒடியுது. எவனோ என் ஜாக்கெட்டைப் பாத்து ஒரே அழுத்தா அழுத்திட்டான்!"

ஆறு மாதமாக இதே புலம்பல்தான். போன வருஷத் திருவிழாத் தையல் போட்டியில் முதல் பரிசு வாங்கிய அவள் ஜாக்கெட்டை யாரோ படம் பிடித்துப் போய், அச்சடித்து விற்கிறார்கள். வழக்குப் போடலாம் என்று போனால் வக்கீல் கையை விரித்துவிட்டார். அம்பு டிசைன் செமினோல் பழங்குடி சனம் மொத்தத்துக்கும் பொது, இது உங்கள் ஜாக்கெட்டிலிருந்து எடுத்ததுதான் என்பதற்கு என்ன அடையாளம் என்று கேட்டார்.

"அடையாளமாம் அடையாளம்!" என்று எரிந்து விழுந்தபடி தம்பியின் சட்டையைப் பிடித்து இழுத்தாள். "அச்சடிச்சவனுக்கு ஒழுங்காத் திருடக்கூடத் தெரியலை. இங்க பாரு, எல்லா அம்பும் மேல பாக்குது, நாலாவது மட்டும் கீழ பாக்குது. அம்பைத் தலைகீழா வச்சிருக்கான் கபோதி! ரோஸலின்கூட இப்படித் தைக்க மாட்டா."

ரோஸலின் இரண்டாம் பரிசுக்காரி. இருவருக்கும் ஏழாம் பொருத்தம்.

"அந்த அம்புக்காகத்தான் இதைப் போட்டுக்கிட்டு வந்தேன்" என்ற டெல்பர்ட், பெட்டியைத் திறந்து, ரிப்பனோடு மடித்து வைத்திருந்த பரிசு ஜாக்கெட்டை எடுத்து அவள் மடியில் போட்டான்.

ஆல்வீனா விரலை வைத்து எண்ணினாள். நாலாவது அம்பு கீழே பார்த்துக்கொண்டிருந்தது. அவளுக்கு முகம் சுண்டிப் போயிற்று.

"வக்கீல் கேட்ட அடையாளம் கிடைச்சாச்சு. போன் போடட்டுமா?"

"போடு. ஆனா இது மட்டும் ரோஸலின் காதுக்குப் போச்சு, உன்னைக் கொன்னுடுவேன். முதல் பரிசு எனக்கில்லைன்னு ஊரைக் கூட்டிடுவா!"

"இந்தச் சட்டையை வாங்கிக் குடுத்ததே அவதான்க்கா. போன வருஷம் மேடையிலயே உன் நாலாவது அம்பைப் பாத்துட்டாளாம்."