ஆச்சு, ஆச்சு

மருந்தியல் ஆய்வகத்தின் திரையில் படுத்திருக்கும் பதினோராம் நோயாளி, அங்கே உதவியாளராக இருக்கும் இலக்கியாவின் கணவன் சர்வேஷ். அவன் இறந்தபோது அவன் உடம்பையும் குரலையும் குணத்தையும் கணினியில் ஏற்றி மாணவர்கள் பழகட்டும் என்று அவள்தான் கையெழுத்துப் போட்டுக் கொடுத்தாள்.

"சாப்பிட்டீங்களா சார்?" என்று மாணவர்கள் கேட்பார்கள்.

"ஆச்சு, ஆச்சு" என்பான். நம்பி இன்சுலின் போடுவார்கள். வெறும் வயிற்றில் சர்க்கரை மளமளவென்று இறங்கிச் செத்துப்போவான். இலக்கியா பொத்தானை அழுத்தி மறுபடி எழுப்புவாள். நிஜத்திலும் அவன் அப்படித்தான் போய்ச் சேர்ந்தான். வேலையிலிருந்து ஃபோன் செய்து, இன்சுலின் போட்டுக்கொள்ளச் சொல்லுமுன் அவள் கேட்டபோதும் அதே இரண்டு 'ஆச்சு'. ஏன் அந்தப் பொய் என்றுதான் அவளுக்கு இன்றுவரை விளங்கவில்லை.

இன்று அஃப்ரின் என்ற மாணவி ஊசியைக் கீழே வைத்துவிட்டு, "என்ன சாப்பிட்டீங்க?" என்று கேட்டாள்.

சர்வேஷ் தடுமாறினான். "இன்னும் இல்லம்மா. வீட்டுக்காரி வேலை முடிஞ்சு வந்துருவா. சேர்ந்து சாப்பிடலாம்னு இருக்கேன். அவகிட்ட சொல்லிடாதீங்க."

வகுப்பு கலைந்தது. இலக்கியா திரையை அணைக்காமல், அதன் முன்னால் உட்கார்ந்து டிபன் பாக்ஸைத் திறந்தாள்.

"வந்துட்டேன் சர்வேஷ். வா, சாப்பிடலாம்."

"ஆச்சு சிஸ்டர், ஆச்சு" என்றபடி, அவளுக்குப் பின்னாலிருந்த வாசலையே அவன் பார்த்துக்கொண்டிருந்தான்.